அலுவலக அலைச்சல் பற்றி ஒரு அனிமேஷன் அங்கதம்: இதில் வில்லன் யார்?

கோட்டோவியன் எழுதியது:

வணக்கம். சொந்த ஊர் கண்டனூர், இப்போது சென்னையில் ஒரு அனிமேஷன் கூடத்தில் வேலை. வேலை நேரம் போக, ஆறு நிமிடக் குறும்படம் ஒன்றைச் சொந்தமாக வரைந்து கொண்டிருக்கிறேன். ஒரு சாதாரணக் காகிதத்துக்காக மனிதர்கள் அலுவலகம் அலுவலகமாக அலைவதைப் பற்றிய அங்கதப் படம். கதையில் ஓரிடத்தில் சிக்கி நிற்கிறேன், அதனால்தான் இங்கே எழுதுகிறேன்.

கதை இது. செட்டிநாட்டு ஊர் ஒன்றில் முகப்பு, வளவு, இரண்டாம் கட்டு என்று இந்தத் தெருவில் தொடங்கி அடுத்த தெருவரை நீளும் வீடு. அதில் ஆச்சி ஒருவர் மட்டும் இருக்கிறார். மின் இணைப்பு இன்னும் அவருடைய மாமனார் பெயரிலேயே இருக்கிறது. மாமனார் பல வருஷங்களுக்கு முன் பினாங்கில் காலமாகிவிட்டார். இணைப்பைத் தன் பெயருக்கு மாற்ற வேண்டும், ஆச்சிக்கு வேண்டியது அவ்வளவுதான். மாற்றப் போனால் வீட்டுக்கு உரிமைச் சான்று கேட்கிறார்கள். அதற்குப் போனால் வாரிசுச் சான்று. அதற்குப் போனால் இறப்புச் சான்று. நடுவில் பங்காளிகள் அத்தனை பேரின் சம்மதக் கடிதம். பங்குள்ள புள்ளிகள் (குடும்பத்தார்) பினாங்கு, ஈப்போ, சிங்கப்பூர், கோயம்புத்தூர், சென்னை என்று பரந்து கிடக்கிறார்கள்.

1976-ல் வந்த 'ஆஸ்ட்ரிக்ஸின் பன்னிரண்டு சோதனைகள்' என்ற பிரெஞ்சு கார்ட்டூன் படத்தைப் பார்த்ததிலிருந்து எனக்கு இந்த ஆசை. அதில் எட்டாவது சோதனை, ஒரு அரசுக் கட்டடத்துக்குள் போய் 'ஏ38' என்ற அனுமதிச் சீட்டை வாங்கி வருவது. ரோமானியப் படையையே அடித்து விரட்டுகிற இரண்டு பேர், ஒரு சீட்டுக்காக ஜன்னல் ஜன்னலாக ஓடிக் களைத்துப் போவார்கள்.

நான் எழுதி வைத்திருப்பதில் வில்லன் ஒரு எழுத்தர். தூங்குவார், டீ குடிக்கப் போவார், ஆச்சியின் முகத்தைப் பார்க்காமலேயே பேசுவார். வரைந்து காட்டியபோது நண்பர்கள் சிரித்தார்கள். ஆனால் எனக்கு அது போதவில்லை. இப்படி ஒரு ஆளை எத்தனையோ சினிமாவில் பார்த்தாயிற்று. உங்களுக்கு என்ன தோன்றுகிறது?

ஆறாவயல் எழுதியது:

தூங்குகிற எழுத்தரை எடுத்துவிடுங்கள், அவர் ரொம்ப அப்பாவி. மேசைக்கு அடியில் கையை நீட்டுகிற எழுத்தரை வரையுங்கள்.

அப்பா தவறிய பிறகு வாரிசுச் சான்றுக்காக ஒரு அலுவலகத்துக்கு நடையாய் நடந்தேன். 'ஐயா கேம்ப் போயிருக்கார்', 'நாளைக்கு வாங்க', 'இந்த ஜெராக்ஸ் தெளிவா இல்லையே'. பணம் கொடுத்தவர்களுக்குக் காகிதம் வந்தது. கொடுக்க மாட்டேன் என்று நின்றதால் எனக்கு மாதக்கணக்கில் ஆனது. அதுவரை அம்மாவுக்குக் குடும்ப ஓய்வூதியம் வரவில்லை. வீட்டு வாடகைக்கு அம்மா வளையலை அடகு வைத்தார். இதையெல்லாம் விட்டுவிட்டுச் சிரிப்பு மட்டும் காட்டினால் அது அங்கதமே இல்லை. படத்தில் கோபம் இருக்க வேண்டும்.

பசலி எழுதியது:

தம்பி, நான் கிராம நிர்வாக அலுவலராக இருந்து ஓய்வு பெற்றவன். ஆறாவயல் சொல்வது நடக்கிறது, அதை மறுக்க நான் வரவில்லை. லஞ்சம் கேட்கிறவனை லஞ்ச ஒழிப்புத் துறையிடம் பிடித்துக் கொடுக்கலாம், அதற்குச் சட்டம் இருக்கிறது. ஆனால் யாருமே கை நீட்டாத அலுவலகத்திலும் ஆச்சிக்கு வேலை நடக்காது. உங்கள் படம் காட்ட வேண்டியது அதைத்தான் என்று நினைக்கிறேன்.

உங்கள் கதையில் வருகிற மேசைகளை ஒவ்வொன்றாக எடுத்துக்கொள்ளுங்கள். இணைப்பை மாற்றிக் கொடுப்பவர் உரிமைச் சான்று ஏன் கேட்கிறார்? கேட்காமல் மாற்றினால், வாடகைக்கு இருப்பவர்கூடத் தன் பெயருக்கு மாற்றிக்கொண்டு நாளைக்கு அந்த ரசீதையே ஆதாரமாகக் காட்டுவார். வாரிசுச் சான்றுக்கு முன் கிராம நிர்வாக அலுவலர் அக்கம்பக்கத்தில் விசாரிப்பது ஏன்? கட்டிக்கொடுத்த பெண்பிள்ளைகளை மறைத்துவிட்டு ஆண்பிள்ளைகள் மட்டும் மனுக்கொடுத்த குடும்பங்களை நானே பார்த்திருக்கிறேன். பங்காளிகளின் சம்மதம் எதற்கு என்று செட்டிநாட்டில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. ஒரு பங்காளி தேக்குக் கதவையும் தூணையும் விற்றுவிட, மற்றவர்கள் அடுத்த கல்யாணத்துக்கு வந்து இறங்கியபோது வெறும் சுவரைப் பார்த்த கதை இங்கே உண்டு.

அதாவது, இன்று கேட்கிற ஒவ்வொரு காகிதத்துக்குப் பின்னாலும் என்றைக்கோ நடந்த ஒரு மோசடி இருக்கிறது. எந்த மேசையிலும் அநியாயம் இல்லை. ஆனால் எல்லா மேசையையும் வரிசையாகப் போட்டு, முட்டிவலியோடு இருக்கிற ஒரு ஆச்சியை அதில் நடக்கவிட்டால் மொத்தமும் பைத்தியக்காரத்தனமாக ஆகிவிடுகிறது. அந்த எழுத்தரை நல்லவராகவே வரையுங்கள். சுறுசுறுப்பானவர், அன்பானவர், ஆச்சிக்கு நாற்காலி இழுத்துப் போடுகிறவர். அப்படியும் வேலை நடக்காமல் போகட்டும்.

இன்னும் இரண்டு விஷயம் சொல்கிறேன், படத்தில் சேர்ப்பது உங்கள் விருப்பம். 1985-ல் சிவகங்கை தனி மாவட்டமாகிற வரைக்கும் நாமெல்லாம் இராமநாதபுரம் மாவட்டம். அந்த மாவட்டத்தின் ஆட்சியர் அலுவலகம் இருந்ததோ மதுரையில். தன் மாவட்ட ஆட்சியரைப் பார்க்க அடுத்த மாவட்டத்துக்குப் பஸ் ஏறிய தலைமுறை எங்களுடையது. இரண்டாவது, 1979 முதல் 1987 வரை நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டம், நாங்கள் யூடிஆர் என்போம். பழைய பதிவேட்டுப் பெயர்களைப் புதிய பதிவேட்டில் ஏற்றினார்கள். அதில் நுழைந்த பெயர்ப் பிழை, அளவுப் பிழைகளைத் திருத்தச் சொல்லி இன்றைக்கும் மனு வந்துகொண்டே இருக்கிறது. எழுதியவர்கள் ஓய்வு பெற்றுப் போய்விட்டார்கள். இன்று அந்த நாற்காலியில் இருப்பவர், பிழை நடந்ததற்கு மனுதாரரிடமே ஆதாரம் கேட்கிறார்.

அலுவலகக் காட்சியில் பதிவேட்டு அட்டையில் வருஷம் 1435 என்று போடுங்கள். வருவாய்த் துறைக் கணக்கில் அதுதான் பசலி ஆண்டு. அக்பர் காலத்திலிருந்து வருகிற கணக்கு, ஜூலை முதல் தேதி பிறக்கும். 2025 ஜூலையில் பிறந்தது 1435. ஆச்சி வாசற்படி தாண்டி உள்ளே போகிறபோதே வேறொரு நூற்றாண்டுக்குள் போகிறார் என்பதை வசனம் இல்லாமல் காட்டிவிடலாம்.

தேவகோட்டை ரஸ்தா எழுதியது:

பசலி ஐயா சொன்னதேதான் அந்த ஏ38 காட்சியின் உயிர். நான் ஜெர்மனியில் இருக்கிறேன், என் பிள்ளைகளோடு அந்தப் படத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன். ஆஸ்ட்ரிக்ஸைப் படைத்த ரெனே கோசினியும் ஆல்பெர் உதெர்சோவும் எந்த ஆஸ்ட்ரிக்ஸ் புத்தகத்தையும் தழுவாமல் திரைக்கென்றே உருவாக்கிய கதை அது.

அந்தக் கட்டடத்தில் 'தர மாட்டோம்' என்று யாரும் சொல்வதில்லை. வாசலில் காது மந்தமான ஒருவர், இவர்கள் கப்பலைப் பதிவு செய்ய வந்திருப்பதாக நினைத்துக்கொண்டு துறைமுகத்துக்குப் போகச் சொல்கிறார். அப்புறம் ஒன்றாம் ஜன்னல், இடதுபக்கத் தாழ்வாரம், வலதுபக்கக் கடைசிக் கதவு, மாடி, மறுபடி கீழே. கேட்ட எல்லோரும் வழி சொல்கிறார்கள். கடைசியில் ஆஸ்ட்ரிக்ஸ் வாளை எடுக்கவில்லை, அசுர பலம் தரும் மந்திரக் கஷாயத்தைக் குடிக்கவில்லை. இல்லாத ஒரு சீட்டைக் கேட்கிறான். புதிய சுற்றறிக்கை பி65-ன்படி தனக்கு ஏ39 வேண்டும் என்கிறான். அப்படி ஒன்று கிடையாது என்று சொல்லும் துணிச்சல் அங்கே யாருக்கும் இல்லை. அலுவலர்களே ஜன்னல் ஜன்னலாக அலைய ஆரம்பிக்கிறார்கள். தொல்லை விட்டால் போதும் என்று தலைமை அதிகாரி ஏ38-ஐக் கையில் கொடுத்து அனுப்பிவிடுகிறார். இங்கே யாராவது நகராட்சியில் அலைந்ததைச் சொன்னால், கேட்பவர் உடனே 'ஏ38 சீட்டா?' என்பார். கிட்டத்தட்ட ஐம்பது வருஷம் ஆகியும் அந்தக் காட்சி மக்கள் பேச்சில் இருக்கிறது.

2016-ல் வந்த 'ஸூட்டோபியா'வில் வாகனப் பதிவு அலுவலகம் முழுக்க ஸ்லாத் என்ற மந்தமான விலங்குகள் உட்கார்ந்திருக்கும். ஒரு சொல்லுக்கும் அடுத்த சொல்லுக்கும் நடுவில் யுகம் போகும். அருமையான சிரிப்பு. ஆனால் அங்கே சிக்கல் ஆளின் வேகம் மட்டும்தான். வேகமான ஆளை உட்கார வைத்தால் தீர்ந்துபோகும். ஏ38 கட்டடத்தில் எல்லா ஆளையும் மாற்றினாலும் தீராது. தம்பியின் தூங்கும் எழுத்தர் முதல் வகை, பசலி ஐயாவின் நல்ல எழுத்தர் இரண்டாவது வகை. இரண்டாவதுதான் பல வருஷம் நிற்கும்.

செக்காலை ஜெராக்ஸ் எழுதியது:

நான் காரைக்குடியில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன், மனுவும் டைப் அடித்துக் கொடுப்பேன். எல்லோரும் அலுவலகத்துக்கு உள்ளேயே நிற்கிறீர்கள், வெளியே இருப்பதை யாரும் சொல்லவில்லை. மரத்தடியில் மனு எழுதுகிறவர், கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் விற்கிறவர், பாஸ்போர்ட் சைஸ் போட்டோ எடுக்கிறவர், நோட்டரி, டீக்கடை, நான். உள்ளே இன்றைக்கு எந்தக் காகிதம் கேட்பார்கள் என்று எங்களுக்குத் தெரியும். ஊரிலிருந்து வருகிறவர்கள் எங்களிடம்தான் முதலில் கேட்பார்கள். இப்போது இ-சேவை மையத்தில் ஆன்லைனில் விண்ணப்பிக்கலாம், அதனால் நடை குறைந்திருக்கிறது, அதையும் சொல்ல வேண்டும். ஆனால் ஸ்கேன் செய்து ஏற்றுவதற்கே காகிதம் வேண்டுமே. அந்தக் காகிதத்தைத் தேடுகிற நடை அப்படியே இருக்கிறது.

பெயர் விஷயத்தைக் கட்டாயம் வையுங்கள். நகரத்தார் வீடுகளில் பெயருக்கு முன்னால் விலாசம், அதாவது முன்னோர் பெயர்களின் முதலெழுத்து வரிசை, நீளமாக வரும். பழைய பத்திரத்தில் முழு விலாசமும் இருக்கும். ரேஷன் கார்டில் அப்பா பெயரின் முதலெழுத்து மட்டும். ஆதாரில் வேறு மாதிரி. மலேசியாவில் கொடுத்த இறப்புச் சான்றில் ஆங்கில எழுத்துக்கூட்டலே வேறு. ஒரு மனுஷர் நாலு பேராகிவிடுவார். நாலு பேரும் ஒருவர்தான் என்று பிரமாணப் பத்திரம் எழுதி, நோட்டரி கையெழுத்து வாங்கி வரச் சொல்வார்கள். 'என் வீட்டுக்காரர் ஒருத்தர்தான்யா' என்று சொல்லி ஒரு அம்மா என் கடையில் உட்கார்ந்து அழுதார். அதைக் கேலியாக வரையாதீர்கள், ஆனால் வரையுங்கள்.

கோட்டோவியன் எழுதியது:

அக்கா, இந்த ஒரு குறிப்புக்காகவே இழை தொடங்கியது வீண்போகவில்லை. மாமனார் நாலாகப் பிரிகிறார்! நடிகரை வைத்து எடுத்தால் இதற்கு எவ்வளவோ விளக்கம் வேண்டும். கோட்டில் ஒரு நொடி போதும். முகப்பில் மாட்டியிருக்கும் படத்திலிருந்து மாமனார் இறங்கி ஆச்சியோடு கிளம்புகிறார். ஒவ்வொரு ஜன்னலிலும் அவரிலிருந்து ஒரு நகல் பிரிகிறது, கையில் ஒரு காகிதம், நெற்றியில் அந்தக் காகிதத்தில் இருக்கிற இனிஷியல். கடைசியில் ஆச்சி நாலு மாமனாரையும் கூட்டிக்கொண்டு பஸ் ஏறுகிறார். பஸ்ஸில் இடம் இருந்தும், மாமனார் முன்னால் எப்படி உட்காருவது என்று நின்றுகொண்டே வருகிறார். இந்தச் சட்டகத்தை (ஃப்ரேமை) நேற்றிரவே வரைந்துவிட்டேன்.

வரைகிற விஷயத்தில் எனக்கு ரொம்ப நாளாக மனதில் இருப்பது ஒன்று. ஆறு நிமிடம் என்றால் 360 நொடி. நொடிக்கு 24 சட்டகம். ஒரு படத்தை இரண்டு சட்டகத்துக்கு நிறுத்தினாலும் 4,320 படங்கள். ஒற்றை ஆள் அத்தனையும் வரைய முடியாது. அதனால் நடையை ஒருமுறை வரைந்து அதையே சுற்றவிடுவோம். பின்னணியையும் நீளமாக ஒருமுறை வரைந்து திரும்பத் திரும்ப ஓட்டுவோம். மற்றக் கதைகளில் இதை மறைக்கப் பாடுபட வேண்டும். இந்தக் கதையில் மறைக்கவே வேண்டாம். தூண், ஜன்னல், பெஞ்சு, தண்ணீர்ப் பானை, அறிவிப்புப் பலகை, மறுபடி அதே தூண். மூன்றாவது சுற்றில் பார்ப்பவருக்கு உறைத்துவிடும், ஆச்சிக்கும் அப்போதுதான் உறைக்கும். ஒவ்வொரு சுற்றிலும் ஒரே ஒரு பொருளை மாற்றுவேன். பானையில் தண்ணீர் குறையும், பலகையில் ஒரு அறிவிப்பு கூடும்.

வீட்டுத் தரைக்கு ஆத்தங்குடிக் கல், நம் ஊர்ப்பக்கத்து வண்ண டைல். கண்ணாடியின் மேல் கையால் சாயம் ஊற்றிச் செய்வதால் ஒன்றைப்போல் இன்னொன்று இருக்காது. நாலைந்து கல்லை வரைந்து மாற்றி மாற்றி வைத்தால் தரை உயிரோடு இருக்கும். அலுவலகத் தரைக்கு ஒரே கல்லை நகலெடுத்து ஒட்டுவேன்.

ஆறாவயல் எழுதியது:

நான் சொன்னதை விட்டு எல்லோரும் வெகுதூரம் போய்விட்டீர்கள். எழுத்தர் நல்லவர், விதி நியாயமானது, ஆனாலும் வேலை நடக்கவில்லை. சரி. அப்படியானால் என் அம்மா வளையலை அடகு வைத்ததற்கு யார் பொறுப்பு? 'அமைப்பே அப்படித்தான்' என்று சொல்லிவிட்டால் எல்லோரும் நிம்மதியாக வீட்டுக்குப் போகலாம். பாதிக்கப்பட்டவருக்கு அந்தப் பதில் பெரிய அவமானம். படம் அந்தப் பதிலைத் தரக்கூடாது.

நேமத்தான்பட்டி எழுதியது:

ஆறாவயலின் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை, வேறு ஒன்று சொல்ல வந்தேன். படத்தின் தொடக்கத்துக்கு.

நம் ஐயாமார் காகிதத்தை வெறுத்தவர்கள் இல்லை. ரங்கூனிலும் பினாங்கிலும் கிட்டங்கி என்கிற கடைக்கூடத்தில் பெட்டியடியில் உட்கார்ந்து பேரேடும் குறிப்பேடும் எழுதித்தான் தொழில் நடத்தினார்கள். அங்கே கடையைப் பார்க்கும் மேலாளும் அவருக்கு அடுத்த நிலையிலிருக்கும் அடுத்தாளும் எழுதுகிற கணக்கை இங்கே ஊரிலிருக்கிற முதலாளி நம்பினார். உண்டியலில், அதாவது பணம் கொடுக்கச் சொல்லும் கடிதத்தில், ஒரு கையெழுத்து இருந்தால் கடல் தாண்டிப் பணம் கிடைத்தது. அதே மாமனார் இளவயதில் பினாங்கில் ஒரு தாளில் கையெழுத்துப் போடுவதாகத் தொடங்குங்கள். அந்தத் தாள் கப்பல், ரயில், மாட்டுவண்டி ஏறி பத்தே நொடியில் ஊர் வந்து சேரட்டும். பெட்டகத்தைத் திறந்து பணத்தை எண்ணிக் கொடுக்கட்டும். பிறகு படத்தின் மிச்ச நேரம் முழுக்க, அதே மாமனார் பெயர் எழுதிய ஒரு தாள் ஒரு தெருவைத் தாண்ட முடியாமல் கிடக்கட்டும்.

ஈப்போ பேரன் எழுதியது:

கடலுக்கு இந்தப் பக்கமிருந்து. ஆச்சி கேட்கிற சம்மதத்தைத் தர எங்களுக்கு ஒரு தடையும் இல்லை, போனில் கேட்டால் உடனே சரி என்போம். ஆனால் அதிகாரப் பத்திரமாக (பவர் பத்திரமாக) தர வேண்டுமென்றால் ஈப்போவிலிருந்து கோலாலம்பூருக்கு ஏறத்தாழ 200 கிலோமீட்டர் போய் இந்தியத் தூதரகத்தில் சான்றொப்பம் வாங்க வேண்டும். அந்தப் பத்திரம் இந்தியா வந்து சேர்ந்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் அங்கே முத்திரைத் தீர்வை கட்ட வேண்டும். ஒரு பங்காளியின் பத்திரம் தாமதமானால் மற்றவர்களுடையது காலாவதியாகிவிடுமோ என்ற பதற்றம் எல்லோருக்கும். எங்கள் தலைமுறையில் சிலருக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது, எதில் கையெழுத்துப் போடுகிறோம் என்று அப்பாவைக் கேட்டுத்தான் போடுகிறார்கள். ஆச்சிக்கு எதிராக ஒருவர்கூட இல்லாமலே இத்தனை தாமதம் ஆகும்.

மட்டுறுத்துநர்:

நல்ல விவாதம், தொடருங்கள். சொந்த அனுபவம் எழுதுகிறவர்கள் அலுவலகத்தின் பெயரையோ அலுவலர் பெயரையோ குறிப்பிட வேண்டாம்.

தேவகோட்டை ரஸ்தா எழுதியது:

ஆறாவயலின் கேள்வியை எளிதில் தள்ளிவிட முடியாது. இரண்டு அனிமேஷன் படங்கள் அதைத் தொட்டிருக்கின்றன.

ஒன்று, சோவியத் இயக்குநர் ஃபியோதர் ஹித்ரூக் 1966-ல் செய்த 'படச்சட்டத்துக்குள் மனிதன்'. ஒரு அதிகாரி படச்சட்டம் ஒன்றுக்குள் வாழ்கிறார். பதவி உயர உயர அந்தச் சட்டமும் கனத்துக்கொண்டே போகிறது. பொறுப்பு எங்கே போகிறது என்பதற்கு அந்தப் படம் தருகிற பதில் எனக்குப் பிடிக்கும்: அந்த மனிதர் ஒவ்வொரு படியிலும் அந்தப் படச்சட்டத்தை விரும்பியேதான் ஏற்கிறார். காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருவில் பழம்பொருள் கடைகளில் தேக்குப் படச்சட்டங்கள் அடுக்கிக் கிடக்குமே, ஊருக்கு வரும்போது போய்ப் பாருங்கள் தம்பி. மாமனார் இறங்கிப் போன வெறும் சட்டத்தை அதிகாரி எடுத்துக் கழுத்தில் மாட்டிக்கொள்ளலாம்.

இன்னொன்று, 2004-ல் வந்த 'தி இன்க்ரெடிபிள்ஸ்'. அது அரசு அலுவலகம்கூட இல்லை, தனியார் காப்பீட்டு நிறுவனம். மேசையில் உட்கார்ந்திருப்பவர் ஒரு பாட்டியிடம் 'உங்களுக்கு உதவ ஆசைதான், ஆனால் முடியாது' என்கிறார். பிறகு குரலைத் தாழ்த்தி, இன்ன மாடிக்குப் போங்கள் என்று நான் சொல்லக்கூடாது, இன்ன எண் படிவத்தைக் கொடுங்கள் என்று நான் சொல்லக்கூடாது என்று ஒவ்வொன்றாக வழி காட்டுகிறார். வாடிக்கையாளர்களுக்கு உள்வழி தெரிந்துவிட்டதே என்று மேலதிகாரி கொதிக்கிறார். அங்கே பொறுப்பு யாருக்கு என்பதில் சந்தேகமே இல்லை. வழியை மறைப்பதால் லாபம் அடைகிறவருக்கு.

பசலி எழுதியது:

அந்த இரண்டாவது படத்தில் வருகிறவர் மாதிரி எங்கள் துறையிலும் ஆட்கள் உண்டு. 'மேலே கேட்டால் நான் சொன்னதாகச் சொல்லாதீங்க' என்று வழி சொல்லி அனுப்புவார்கள். வயதானவர்கள் வீட்டுக்குத் தானே போய் விசாரணையை முடித்து வந்த சக ஊழியர்களும் இருந்தார்கள்.

ஆறாவயல், உங்கள் கேள்விக்கு என் பணிக்காலத்தில் கண்டதைச் சொல்கிறேன். ஒரு காகிதத்தைக் குறைவாக வாங்கிக்கொண்டு வேலையை முடித்துக் கொடுத்து, பின்னால் தகராறு வந்தால், அந்த ஊழியருக்கு 17பி குறிப்பாணை, அதாவது கடும் ஒழுங்கு நடவடிக்கைக்கான நோட்டீஸ், வரும். சம்பள உயர்வு நிற்கும், ஓய்வூதியம் நிற்கும். ஒரு காகிதத்தைத் தேவைக்கு மேல் கேட்டதற்காக யாருக்கும் 17பி வந்து நான் பார்த்ததில்லை. அதனால் பயந்தவர்கள் கூட்டிக் கேட்கிறார்கள். பேராசைக்காரர்கள் அந்தக் கூடுதல் காகிதத்தை வைத்துத்தான் பேரம் பேசுகிறார்கள். உங்கள் அம்மாவுக்கு நேர்ந்தது இந்த இரண்டாவது. முதலாவது இல்லாவிட்டால் இரண்டாவதுக்கு அவ்வளவு இடம் இருக்காது.

ஒரு மோசடி நடந்தால் ஒரு சுற்றறிக்கை வரும், ஒரு காகிதம் கூடும். அந்த மோசடிக்கு வழியே இல்லாமல் போன பிறகும் அந்தக் காகிதத்தை எடுத்துவிடச் சொல்லி யாரும் எழுதுவதில்லை. எடுப்பது எவருடைய வேலையும் இல்லை. பொறுப்பு யாருடையது என்றால், எடுக்கும் அதிகாரம் இருந்தும் எடுக்காமல் இருந்தவர்களுடையது. அவர்களுக்குப் பெயரும் பதவியும் உண்டு. படத்தில் அவர்கள் அறையைக் காட்டுங்கள்.

ஆறாவயல் எழுதியது:

ஐயா, இது எனக்கு வேண்டிய பதில். கோபத்தை எங்கே வைக்க வேண்டும் என்று இப்போது தெரிகிறது. மேசைக்கு அடியில் நீட்டும் கையும் ஒரு நொடியாவது வர வேண்டும் என்பதில் மட்டும் நான் மாறவில்லை.

கோட்டோவியன் எழுதியது:

வரும் அண்ணே. மூன்றாவது சுற்றில், ஆச்சி அந்தக் கையை ஒருமுறை பார்த்துவிட்டு நகர்ந்து போவார்.

தொடக்கம் நேமத்தான்பட்டி சொன்ன பத்து நொடிக் கடல்வழி. எழுத்தர் நல்லவர். ஈப்போ பேரன் சொன்ன பதற்றத்தை, ஒவ்வொரு நாட்டிலும் ஒரு மணற்கடிகாரம் ஓடுவதாக வைக்கிறேன். இப்போது முடிவு. ஆஸ்ட்ரிக்ஸ் மாதிரி இல்லாத சீட்டைக் கேட்டு அலுவலகத்தைக் குழப்புவது அவர்கள் முடிவு, அதை எடுக்க எனக்கு விருப்பமில்லை. ஆச்சி பொய் சொல்ல மாட்டார். தோற்று வீட்டுக்கு வருவதாக முடிக்கலாம் என்று எழுதினேன். மாமனார் பெயரிலேயே பில் கட்டிக்கொண்டு இருந்துவிடலாம், கட்டுகிற வரை யாரும் கேட்கப் போவதில்லை, பல வீடுகளில் அப்படித்தானே நடக்கிறது. ஆனால் அப்படி முடித்தால் ஆறாவயல் அண்ணன் சொன்ன அந்த 'அமைப்பே அப்படித்தான்' என்ற பதில் வந்துவிடுகிறது.

செக்காலை ஜெராக்ஸ் எழுதியது:

ஆச்சி ஜெயிக்கணும். என் கடைக்கு வருகிறவர்களில் விடாமல் நின்று வாங்கிப் போன ஆச்சிமார் நிறைய பேர். கை நடுங்கக் கையெழுத்துப் போடுவார்கள், ஆனால் எந்தத் தேதியில் எந்த மேசையில் யார் என்ன சொன்னார் என்று ஒரு பழைய டைரியில் எழுதி வைத்திருப்பார்கள்.

பசலி எழுதியது:

அந்த டைரியை வைத்தே முடிக்கலாம். 2005-ல் வந்த தகவல் அறியும் உரிமைச் சட்டம் இருக்கிறது. பத்து ரூபாய்க் கட்டணம், முப்பது நாளில் பதில் தர வேண்டும். பாதிக்கப்பட்டவருக்கு முடிவின் காரணத்தைச் சொல்ல வேண்டும் என்று அதே சட்டத்தின் நான்காம் பிரிவிலும் இருக்கிறது. ஆச்சி ஒரே கேள்வி கேட்கட்டும்: 'என்னிடம் கேட்ட ஒவ்வொரு காகிதமும் எந்த விதியின்படி கேட்கப்பட்டது? விதியின் நகல் தரவும்.'

அதில் ஒரு காகிதத்துக்கு விதியே இருக்காது. முன்னால் இருந்தவர் கேட்டார், அதனால் இவரும் கேட்கிறார். அப்படிப்பட்டவை நிஜத்திலும் உண்டு. நீங்கள் வரைந்த தாழ்வாரத்தில் இப்போது அலுவலகமே ஓடட்டும். நல்ல எழுத்தர் பழைய கட்டுகளை இறக்குகிறார், பசலி 1435-லிருந்து பின்னால் பின்னால் போகிறார், 1390, 1350, நாடா கட்டிய கோப்பெல்லாம் அவிழ்கிறது, விதி கிடைக்கவில்லை. ஆஸ்ட்ரிக்ஸ் இல்லாத சீட்டைக் கேட்டான். ஆச்சி இல்லாத விதியைக் கேட்கிறார், இருப்பதாகச் சொன்னது அவர்கள்தான்.

தேவகோட்டை ரஸ்தா எழுதியது:

ஐயா, இதுதான் முடிவு. இதைவிட வேறு தேட வேண்டாம்.

ஆறாவயல் எழுதியது:

இந்த முடிவுக்கு முழுச் சம்மதம். மாமனார்கள் நாலு பேரும் அப்போது என்ன ஆகிறார்கள்?

கோட்டோவியன் எழுதியது:

அந்தக் கூடுதல் காகிதத்தைக் கிழித்துப் போட்டதும் நாலும் ஒன்றாகிவிடும். ஆச்சி திரும்பி வரும் பஸ்ஸில் ஒரே மாமனார், பக்கத்து இருக்கையை ஆச்சிக்குக் காட்டுகிறார், ஆச்சி உட்காருகிறார்.

இப்போது எனக்கு ஒலிதான் மிச்சம். படத்தில் வசனம் மிகக் குறைவு, முத்திரை குத்துகிற சத்தம்தான் தாளம். இணையத்தில் கிடைக்கிற முத்திரைச் சத்தமெல்லாம் பிளாஸ்டிக் மாதிரி இருக்கிறது. மரப்பிடி முத்திரை, மை அட்டை, மர மேசை, பழைய காற்றாடி வேண்டும். யாரிடமாவது இருக்குமா?

செக்காலை ஜெராக்ஸ் எழுதியது:

மரப்பிடி முத்திரை என் கடையிலேயே இருக்கிறது, அப்பா காலத்து மேசையும் இருக்கிறது. காற்றாடி மட்டும் புதுசு. ஞாயிற்றுக்கிழமை கடை மூடியிருக்கும், தெருவிலும் வண்டிச் சத்தம் குறைவு. ஊருக்கு வரும்போது முதல் நாளே சொல்லிவிடுங்கள்.

பசலி எழுதியது:

முத்திரை குத்துவதற்கும் ஒரு முறை இருக்கிறது தம்பி. மையில் இரண்டு தட்டு, தாளில் ஒரு குத்து. தேதியைத் திருப்பி வைத்துக்கொண்டுதான் குத்த வேண்டும். நானும் வருகிறேன், நானே குத்திக் காட்டுகிறேன்.